பிளவை முதலில் இறுக்குங்கள்: நிறமாலை பார்ப்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஜூன் பள்ளி விடுமுறை வந்தால் சமூக மன்றங்களில் அறிவியல் பட்டறைகள் தொடங்கிவிடும். அட்டைப் பெட்டி, இரண்டு பிளேடு, ஒரு துண்டுக் கீற்றணித் தாள் (நுண்கோடுகளால் ஒளியை நிறங்களாகப் பிரிக்கும் தாள்) ஆகியவற்றை வைத்து மாணவர்கள் நிறமாலைகாட்டி செய்வார்கள். பிளேடுகளுக்கு இடையே ஒளி நுழையும் மெல்லிய இடுக்குத்தான் பிளவு; பிரிந்து தெரியும் நிறங்களின் வரிசைதான் நிறமாலை. உதவிக்குப் போகும் எனக்கு முகங்கள்தாம் ஆண்டுக்கு ஆண்டு புதியவை. தவறுகள் அதே பழைய தவறுகள். அவற்றில் பாதி ஒரு காலத்தில் என்னுடையவை. சூரியனை நேராகப் பார்க்காதே, மின்னிறக்கக் குழாயின் முனையைத் தொடாதே என்பவற்றை இங்கே எழுதப்போவதில்லை. அவை எல்லா ஆய்வகச் சுவர்களிலும் ஒட்டியிருக்கின்றன.

அகலமான பிளவு

எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு எரிச்சல் குறையாத தவறு இது. ஒளி மங்கலாக இருந்தால் உடனே பிளவை அகலமாக்கிவிடுகிறார்கள். வெளிச்சம் கூடுகிறது, நிறங்கள் பளிச்சென்று எழுகின்றன, எல்லோருக்கும் மகிழ்ச்சி. பார்க்க வந்த கோடுகள்தாம் காணாமல் போயிருக்கும்.

நிறமாலையில் தெரியும் ஒவ்வொரு கோடும் பிளவின் பிம்பம். வாயுவில் உள்ள அணு தனக்குரிய சில அலைநீளங்களை மட்டும் வெளியிடுகிறது. அவற்றுக்குக் கோட்டின் வடிவத்தைக் கொடுப்பது நாம் வைத்த பிளவு. பிளவுக்குப் பதிலாக வட்டத் துளை வைத்துப் பாருங்கள், பாதரச விளக்கு வண்ண வட்டங்களாகத் தெரியும். பிளவு அகன்றால் கோடும் அகலும். தடித்த மாவால் நெருக்கமாகக் கோலம் இழுத்ததுபோல, பக்கத்துப் பக்கத்துக் கோடுகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறிவிட்டால் கண் அதைத் தொடர் நிறமாலை, அதாவது இடைவெளியில்லாத நிறப்பட்டை, என்றே சொல்லும்.

எவ்வளவு கெடும் என்பதைக் கணக்கிட்டுவிடலாம். மில்லிமீட்டருக்கு 600 கோடுகள் கொண்ட கீற்றணியில் இரு கோடுகளுக்கு இடையே சுமார் 1,667 நானோமீட்டர். பிளவிலிருந்து கீற்றணி 200 மில்லிமீட்டர் தள்ளியிருக்கட்டும். பிளவின் அகலம் 1 மில்லிமீட்டர் என்றால், 1,667-ஐ 200-ஆல் வகுக்க, ஒவ்வொரு கோடும் ஏறத்தாழ 8 நானோமீட்டருக்குப் பரவும். பாதரசத்தின் இரண்டு மஞ்சள் கோடுகள் 577.0, 579.1 நானோமீட்டரில் இருக்கின்றன. 8 நானோமீட்டர் பட்டைக்குள் இரண்டும் ஒன்றாகிவிடும். பிளவை 0.1 மில்லிமீட்டராக்கினால் பரவல் 0.8 ஆகக் குறைந்து, இரண்டும் தனித்தனியாக நிற்கும்.

ஒரு தொடக்கக் கல்லூரியில் இந்தத் தவறுக்குப் பணமே கொடுத்தார்கள். ஹைட்ரஜன் குழாயில் கோடுகள் தெரியவில்லை, மங்கலான தொடர் நிறமாலைதான் வருகிறது என்று மாணவர்கள் எழுதியிருந்தார்கள். குழாய் கெட்டுவிட்டது என்று முடிவுகட்டிப் புதிய குழாய்கள் வாங்கினார்கள். அவற்றிலும் அதே புகைமூட்டம். அடுத்து மின்வழங்கியின்மேல் சந்தேகம் விழுந்தது. அதை மாற்றவும் விலை கேட்டாயிற்று.

நான் போனபோது, "சார், இந்தக் குழாயில் ஹைட்ரஜனே இல்லை போலிருக்கிறது" என்றார் ஒரு மாணவி. நிறமாலைமானியின் பிளவைப் பார்த்தேன். அது திறந்து கிடந்த அகலத்தில் ஒரு தீக்குச்சி நுழைந்துவிடும். திருகைத் திருப்பினேன். வெளிச்சம் மங்கியது. அறை விளக்கை அணைக்கச் சொல்லி, கண் பழகும்வரை காத்திருந்தோம். 656.3-இல் சிவப்பு, 486.1-இல் நீலப்பச்சை, 434.0-இல் ஊதா கலந்த நீலம் என மூன்று கோடுகளும் மயிரிழைபோல் நின்றன. பழைய குழாய்க்கு ஒன்றும் ஆகவில்லை.

அந்தப் புகைமூட்டம் வெறும் பிரமை அல்ல என்பதையும் சொல்லிவிட வேண்டும். குழாயில் அணுக்களாகப் பிரியாத ஹைட்ரஜன் மூலக்கூறுகளும் இருக்கின்றன. அவை ஏராளமான மெல்லிய கோடுகளை வெளியிடும். அகன்ற பிளவில் அவை எல்லாம் குழைந்து, அணுக்கள் தரும் அந்த மூன்று கோடுகளுக்குப் (பாமர் கோடுகள்) பின்னால் ஒரு திரையாகிவிடும். பாடப்புத்தகப் படத்தில் இந்தத் திரை இராது. அதனால்தான் குழாயின்மேல் பழி விழுகிறது.

வெளிச்சம் போதாவிட்டால் விளக்கை நெருங்குங்கள், அறையை இருட்டாக்குங்கள், பொறுத்திருங்கள். பிளவைத் தொடாதீர்கள். பெட்டி செய்கிறவர்கள் காகிதத்தை வெட்டிப் பிளவாக்க வேண்டாம். இரண்டு பிளேடுகளின் கூர் விளிம்புகளை எதிரெதிரே ஒட்டுங்கள். பிறகு பாதரசக் குழல் விளக்கு இன்னும் எரியும் ஏதாவது பழைய கடையைத் தேடிப் போய், மஞ்சளில் இரண்டு கோடுகள் பிரிகின்றனவா என்று பாருங்கள். பிரியாத கருவியை வைத்துக்கொண்டு "தொடர் நிறமாலை" என்று எழுத உங்களுக்கு உரிமை இல்லை.

தூசியை உட்கவர் கோடு என்று எண்ணுவது

பிளவின் விளிம்பில் தூசி ஒட்டினால் நிறமாலையின் நீளவாட்டில், சிவப்பிலிருந்து ஊதாவரை, கறுப்புக் கோடு ஓடும். உண்மையான உட்கவர் கோடுகள், அதாவது வாயு ஒளியை உறிஞ்சுவதால் சூரிய நிறமாலையில் தெரியும் கறுப்புப் பிரான்ஹோஃபர் கோடுகள், பிளவுக்கு இணையாகவே நிற்கும்.

வெள்ளை எல்ஈடியின் வெப்பநிலையைக் கணக்கிடுவது

ஒரு செய்திட்டப் பலகையில் பார்த்தேன்: எல்ஈடி விளக்கின் உச்சம் 450 நானோமீட்டர், உச்ச அலைநீளத்திலிருந்து வெப்பநிலையைக் கணக்கிடும் வீன் விதிப்படி வெப்பநிலை சுமார் 6,400 கெல்வின். விளக்கின் பெட்டியிலும் 6500K என்று அச்சிட்டிருந்ததால் மாணவர்களுக்குச் சந்தேகமே எழவில்லை. சூரியனின் மேற்பரப்பே ஏறத்தாழ 5,800 கெல்வின்தான். அந்த வெப்பத்தில் வீவக அடுக்குமாடி வீட்டின் கூரையில் விளக்கு எப்படித் தொங்கும்?

வீன் விதி சூட்டினால் ஒளிரும் பொருளுக்கு உரியது. பழைய டங்ஸ்டன் இழை விளக்குக்கு ஏறக்குறையப் பொருந்தும். வெள்ளை எல்ஈடிக்குள் நீல ஒளி தரும் சில்லு இருக்கிறது. அதன்மேல் பூசிய ஒளிர்பொருள் அந்த நீலத்தில் ஒரு பகுதியை விழுங்கி, அகன்ற மஞ்சள் பட்டையாகத் திருப்பித் தருகிறது. நீலத்துக்கும் பச்சைக்கும் நடுவே, 480 நானோமீட்டரை ஒட்டி, ஒளி சரிந்திருக்கும். அந்தப் பள்ளத்தைப் பார்த்தாலே இழை விளக்கு அல்ல என்று தெரிந்துவிடும். பெட்டியில் போட்டிருக்கும் எண், வெளிச்சத்தின் சாயலை அந்த வெப்பநிலையில் ஒளிரும் பொருளோடு ஒப்பிடுகிறது, அவ்வளவுதான்.

"திடப்பொருள் என்றால் தொடர், வாயு என்றால் கோடு"

தேர்வுக்கு இது போதும். ஆனால் சூரியனும் வாயுக்கோளம்தான்; அதன் ஒளி தொடர் நிறமாலையாக வருகிறது. ஒளி ஊடுருவ முடியாத அளவுக்கு வாயு தடித்திருந்தால் அப்படித்தான். உயர் அழுத்தச் சோடியம் விளக்கு இன்னும் வேடிக்கை. சாலைகளில் எல்ஈடி வந்தபின் அது அரிதாகிவிட்டது. எங்காவது எஞ்சிய ஆரஞ்சு விளக்கு கண்ணில் பட்டால் விடாதீர்கள். பளிச்சென்று மஞ்சள் கோடு இருக்க வேண்டிய 589 நானோமீட்டரில் கறுப்பு இடைவெளி தெரியும். உள்ளே பிறந்த ஒளியை வெளிப்புறத்துக் குளிர்ந்த சோடியம் ஆவியே உறிஞ்சிவிடுகிறது. அதைப் பார்த்து "இதில் சோடியம் இல்லை" என்று எழுதிய குறிப்பேட்டைத் திருத்தியிருக்கிறேன்.

சுடரில் தெரியும் மஞ்சளை நம்புவது

சுடரை மஞ்சளாக்குவது சோடியம்; அது உள்ள உப்பு எங்கும் இருக்கிறது, உங்கள் விரலிலும்.

கீற்றணியைத் துடைப்பது

துடைக்காதீர்கள்.

கைப்பேசிப் படத்தை அப்படியே வரைபடமாக்குவது

கைப்பேசிக் கேமரா சிவப்பு, பச்சை, நீலம் என மூன்று வடிகட்டிகள் வழியாகப் பார்க்கிறது. இழை விளக்கைப் படமெடுத்தாலும் வரைபடத்தில் மூன்று மேடுகள் வரும்; அவற்றை மூன்று உமிழ் கோடுகள் என்று பெயரிட்டு விடுகிறார்கள். கோடு எங்கே இருக்கிறது என்பதற்குப் படம் உதவும். எவ்வளவு வலிமையானது என்பதற்கு உதவாது, ஏனெனில் கேமரா வெளிச்சத்தைத் தன் விருப்பப்படி கூட்டிக் குறைக்கிறது. வெளிச்ச அளவைக் கையால் பூட்டிவிட்டு எடுங்கள். மிகப் பிரகாசமான கோட்டின் நடுப்பகுதி படத்தில் வெளுத்துப்போயிருந்தால், அளவை இன்னும் குறைத்து மறுபடி எடுங்கள்.