கண்ணில் வளரும் சதை: செய்யக் கூடாதவை

வெள்ளை விழியில், மூக்கை ஒட்டிய பக்கம் மஞ்சளாக ஒரு சிறு மேடு தெரிந்தால் அது பெரும்பாலும் பிங்குவெகுலா. கருவிழியின் ஓரத்தோடு நின்றுவிடும். அதே பக்கத்திலிருந்து இரத்த நாளங்களோடு முக்கோணமாகக் கருவிழி மேல் ஏறினால் டெரிஜியம். இரண்டும் புற்றல்ல, கண்புரையும் அல்ல.

அதிகம் கெடுப்பது, கடையில் தானாகக் கேட்டு வாங்கும் சொட்டு மருந்துதான். நாபசோலின் வகை மருந்து இரத்த நாளங்களைச் சுருக்கிச் சில மணி நேரம் சிவப்பை மறைக்கும். தொடர்ந்து விட்டால் சிவப்பு முன்னைவிடக் கூடும். ஸ்டீராய்டு சொட்டு இன்னும் ஆபத்து. வீக்கம் மிகுந்தால் மருத்துவர் குறுகிய காலத்துக்குத் தருவார். பழைய சீட்டைக் காட்டி மறுபடி மறுபடி வாங்கினால், வலியே இல்லாமல் கண் அழுத்தம் ஏறலாம். பார்வை நரம்பு கெட்டால் மீளாது. இத்தனைக்கும் எந்தச் சொட்டும் சதையைக் கரைக்காது. உறுத்தலுக்குச் செயற்கைக் கண்ணீர் போதும்; நாளுக்கு 4 முறைக்கு மேல் தேவைப்பட்டால் கெடாமலிருக்கச் சேர்க்கும் பதப்பொருள் இல்லாததை வாங்குங்கள்.

கறுப்புக் கண்ணாடி எதுவானாலும் சரி என்று நினைக்க வேண்டாம். நிறம் புற ஊதாக் கதிரைத் தடுக்காது. ‘யூவி 400’ என்று இருக்க வேண்டும். பக்கவாட்டு வெளிச்சம் கருவிழி வழியே வளைந்து மூக்குப் பக்க ஓரத்தில் குவிகிறது. ஆகவே கண்ணின் பக்கவாட்டையும் மூடும் சட்டமே நல்லது.

அழகுக்காக அவசரப்பட்டு வெட்டுவதும் தவறு, பார்வை மங்கிய பிறகும் தள்ளிப்போடுவதும் தவறு. சதை கருவிழியை இழுத்து, அதன் வளைவைக் கோணலாக்கிச் சிலிண்டர் பவரைக் கூட்டினாலோ, நடுப்பகுதியை நெருங்கினாலோ அறுவை சிகிச்சை தேவை. வெறுமனே உரித்தெடுத்தால் மறுபடி வளர வாய்ப்பு மிக அதிகம். அதே கண்ணின் மேல்பக்க மெல்லிய படலத்தை எடுத்து ஒட்டுவது அதை வெகுவாகக் குறைக்கும். எந்த முறை என்று முன்பே கேளுங்கள். அறுவைக்குப் பிறகு சிவப்பு வடிந்துவிட்டதென்று சொட்டு மருந்தைப் பாதியில் நிறுத்தாதீர்கள், கண்ணைத் தேய்க்காதீர்கள்.

கண்புரை அறுவையும் செய்ய வேண்டியிருந்தால், பெரிய டெரிஜியத்தைப் பொதுவாக முதலில் எடுப்பார்கள். இல்லையேல் கண்ணுக்குள் வைக்கும் லென்ஸின் பவர் கணக்கு பிசகும்.

வாரக்கணக்கில் வேகமாகப் பெரிதாகும், வெண்தோல் படிந்த, இரத்தம் கசியும், புதிதாகக் கறுக்கும் வளர்ச்சியைப் ‘பழைய சதைதான்’ என்று விடாதீர்கள். உடனே கண் மருத்துவரிடம் காட்டுங்கள். வெட்டியெடுத்தால் திசுவை ஆய்வுக்கு அனுப்பச் சொல்லுங்கள்.