கடைக் கணக்கிலிருந்து அசமன்பாட்டுத் தொகுப்பை எழுதும் முறை

மதுரை மாட்டுத்தாவணிப் பூ மார்க்கெட்டுக்கு மகனை அனுப்பும் ஒரு தாய் இப்படிச் சொல்வதாக வைத்துக்கொள்வோம்: “3000 ரூபா வச்சுக்கப்பா, அதுல ஆட்டோவுக்கு 200 ஒதுக்கிரு. மல்லியும் சம்பங்கியும் சேர்ந்து 6 கிலோவாவது வேணும். மல்லி 1 கிலோவுக்குக் குறையக் கூடாது. சம்பங்கி மல்லியைப் போல ரெண்டு மடங்காவது இருக்கணும்.” மார்க்கெட்டில் அன்று மல்லி 100 கிராம் 80 ரூபாய், சம்பங்கி கிலோ 200 ரூபாய்.

இதை அசமன்பாடுகளாக, அதாவது ஓர் அளவு மற்றொன்றைவிடக் குறையக் கூடாது அல்லது மிகக் கூடாது என்று சொல்லும் கணித வரிகளாக மாற்ற, முதலில் மாறிகளை (தெரியாத அளவுகளுக்கு இடும் எழுத்துகளை) அலகோடு எழுத வேண்டும். ‘ம என்பது மல்லி’ என்று எழுதுவது போதாது. ‘ம என்பது வாங்கும் மல்லியின் எடை, கிலோவில்’ என்றே எழுத வேண்டும். ச என்பது சம்பங்கியின் எடை, அதுவும் கிலோவில். அலகை எழுதிய கை, மல்லியின் விலையைக் கிலோவுக்கு 800 ரூபாய் என்று தானாகவே மாற்றிக்கொள்ளும். எழுதாத கை 80ம என்று எழுதிவிடும், பிறகு எல்லா விடையும் பிழையாகும்.

அடுத்து, ஒவ்வொரு நிபந்தனையிலும் எல்லையைக் குறிக்கும் சொல்லின் கீழ் கோடிடுங்கள். தமிழில் இந்த வேலையைப் பெரும்பாலும் ஒரு விகுதியே செய்துவிடுவதால் அது கண்ணுக்குத் தப்பிவிடுகிறது. ‘ஆவது’, ‘குறையாமல்’, ‘குறைந்தது’ ஆகியவை ≥ (சமம் அல்லது மிகுதி) குறியைத் தரும். ‘மிகாமல்’, ‘மேல் போகாமல்’, ‘அதிகபட்சம்’ ஆகியவை ≤ (சமம் அல்லது குறைவு) குறியைத் தரும். ‘2800 ரூபாய்க்குள்’ என்பதைச் சிலர் < என்று எழுதுகிறார்கள். ஆட்டோவுக்கு 200 போகக் கையில் உள்ள 2800 ரூபாயையும் செலவழிக்கலாம் என்பதால் கடைக் கணக்கில் ≤ என்பதே பொருந்தும் என்பது என் கருத்து. தாய் பணத்துக்கு இத்தகைய சொல் எதையும் சொல்லவில்லை என்பதையும் கவனியுங்கள். கையில் இருப்பதே அங்கு எல்லை.

800ம + 200ச ≤ 2800
ம + ச ≥ 6
ம ≥ 1
ச ≥ 2ம

நான்காவது வரியில்தான் பெரும்பாலோர் சறுக்குகிறார்கள். ‘சம்பங்கி இரண்டு மடங்கு’ என்று காதில் விழுந்த வரிசையிலேயே 2ச ≥ ம என்று எழுதிவிடுகிறார்கள். ஐயம் வந்தால், மல்லி 1 கிலோ, சம்பங்கி 1 கிலோ என்று இட்டுப் பாருங்கள். தாய் இதை ஏற்க மாட்டார்; ஆனால் 2ச ≥ ம ஏற்றுக்கொள்கிறது. ஆகவே அது தவறு.

தொகுப்பு என்பதால் நான்கும் ஒரே நேரத்தில் நிறைவேற வேண்டும். மல்லி 2½ கிலோ, சம்பங்கி 4 கிலோ என்றால் செலவு சரியாக 2800 ரூபாய், மொத்தம் 6½ கிலோ, மல்லியும் 1 கிலோவுக்கு மேல். ஆனால் சம்பங்கி 5 கிலோவாவது இருக்க வேண்டும் என்பதால் இது தீர்வாகாது. மல்லி 2 கிலோ, சம்பங்கி 5 கிலோ என்றால் செலவு 2600 ரூபாய், நான்கும் பொருந்துகின்றன. முகூர்த்த நாளில் மல்லி விலை ஏறினால் ம-வைப் பெருக்கும் 800 என்ற கெழு மட்டும் மாறும். மற்ற மூன்று வரிகளும் அப்படியே இருக்கும்.

பூவை அரைக் கிலோ, கால் கிலோவாக நிறுத்து வாங்கலாம். துணியை அப்படி வாங்க முடியாது. விளக்குத்தூண் பக்கம் 650 ரூபாய்ச் சுங்குடிச் சேலையும் 350 ரூபாய் வேட்டியும், ஆளுக்கு ஒன்றாக 8 பேருக்கு, 5000 ரூபாய்க்கு மிகாமல் எடுக்க வேண்டும் என்றால், சேலையின் எண்ணிக்கை சே, வேட்டியின் எண்ணிக்கை வே ஆகிய இரண்டும் குறையெண் அல்லாத முழு எண்கள் என்பதையும் எழுதியாக வேண்டும். ‘ஆளுக்கு ஒன்று’ என்பது சமன்பாடு: சே + வே = 8. அதை 650சே + 350வே ≤ 5000 என்பதில் இட்டால் 300சே ≤ 2200, அதாவது சே ஏறத்தாழ 7.33-ஐத் தாண்டக் கூடாது. ஆகவே அதிகபட்சம் 7 சேலை, 1 வேட்டி. செலவு 4900 ரூபாய். எட்டும் சேலையாக எடுத்தால் 5200 ரூபாய் ஆகிவிடும்.