பந்தைப் பார்க்காதீர்கள், காலைப் பாருங்கள்: ஒரு வைட் ரிசீவரை எடைபோடுவது எப்படி

அமெரிக்கன் ஃபுட்பால் புதிதாகப் பார்க்க உட்காருகிறவர்களுக்குக் கண் பந்தின் பின்னாலேயே போகும். குவார்ட்டர்பேக் எறிவார், பந்து சுழன்றுகொண்டே பறக்கும், யாரோ ஒருவர் எகிறிப் பிடிப்பார், அட என்று வாயைப் பிளந்துவிட்டு அடுத்த ஆட்டத்துக்குப் போய்விடுவோம். நானும் ரொம்ப நாள் இப்படித்தான் பார்த்தேன். ஆனால் அந்தப் பிடித்த ஆளின், அதாவது வைட் ரிசீவரின், வேலையில் முக்கால்வாசி, பந்து குவார்ட்டர்பேக்கின் கையை விட்டுக் கிளம்பும்போதே முடிந்திருக்கும். அதைப் பார்க்கக் கண்ணைப் பழக்குவதற்குத்தான் இந்தக் குறிப்பு. பழகிப் பார்க்க ஒரு ஆள் வேண்டும், அதற்கு மொத்தக் கணக்கில் எல்லா ரிசீவர்களையும்விட அதிக யார்டு எடுத்த ஜெர்ரி ரைஸைவிடத் தோதானவர் எனக்குத் தெரியவில்லை.

முதலில் ரிசீவர் எங்கே நிற்கிறார் என்று பாருங்கள். மைதானத்தின் அகலம் 53 யார்டு (கெஜம்) சொச்சம். கூட்டமாகக் குனிந்து நிற்கிற தடியர்களை விட்டுத் தள்ளி, ஓரக்கோட்டுப் பக்கம் தனியாக நிற்பதால்தான் ‘வைட்’ என்ற பெயர். அவர் ஆட்டம் தொடங்கும் கோட்டின் மேலேயே நின்றால் எதிரணியில் அவரை மறிக்கிற கார்னர்பேக் மூக்கோடு மூக்கு வந்து நிற்கலாம். ஒரு அடி பின்னால் நின்றால் கொஞ்சம் மூச்சுவிட இடம் கிடைக்கும், பந்து கிளம்புவதற்கு முன்பே பக்கவாட்டில் நகர்ந்து குழப்பவும் முடியும். முதல் 5 யார்டுக்குள் கார்னர்பேக் அவரைக் கையால் தள்ளலாம், மறிக்கலாம். அதைத் தாண்டினால் தண்டனை.

ஆக, முதல் நொடியின் சண்டையே அந்த 5 யார்டில்தான். வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். ரிசீவரின் முதல் இரண்டு அடி எந்தப் பக்கம் போகிறது, கார்னர்பேக்கின் கையைத் தட்டிவிடுகிறாரா, தோளைச் சாய்த்து நழுவுகிறாரா, இல்லை நின்ற இடத்திலேயே துள்ளித் துள்ளி நேரத்தை வீணடிக்கிறாரா? கடைசி வகை ஆட்கள் ஹைலைட்ஸில் அழகாகத் தெரிவார்கள். அதற்குள் குவார்ட்டர்பேக்கைக் கீழே சாய்த்திருப்பார்கள் என்பது வேறு விஷயம்.

அப்புறம் ரூட். இத்தனை யார்டு நேரே ஓடி, இந்தக் கோணத்தில் திரும்ப வேண்டும் என்று ஒவ்வொரு ஓட்டத்துக்கும் ஒரு பெயர் இருக்கிறது. ஸ்லான்ட் என்றால் சில அடி ஓடி உள்பக்கம் சாய்வாக வெட்டுவது, போஸ்ட் என்றால் ஆழமாக ஓடி கோல் கம்பத்தை நோக்கித் திரும்புவது, கோ என்றால் பேசாமல் நேரே ஓடு. பெயர்களை மனப்பாடம் செய்ய வேண்டாம், திரும்புகிற இடத்தில் மட்டும் கண்ணை வையுங்கள். சுமாரான ரிசீவர் திரும்புவதற்கு மூன்று நான்கு அடி முன்பே வேகத்தைக் குறைப்பார், உடம்பு நிமிரும், கார்னர்பேக்குக்கு அது தந்தி அடித்த மாதிரி. நல்ல ரிசீவர் கடைசி அடி வரைக்கும் ஒரே வேகத்தில் வந்து, இடுப்பைச் சட்டென்று இறக்கி வெட்டுவார். ரைஸின் பழைய ஆட்டங்களில் இதைத் தெளிவாகப் பார்க்கலாம். அவர் ஸ்லான்ட் ஓடினால் எதிராளி ஒரு அடி தப்பான பக்கம் வைத்திருப்பார், அந்த ஒரு அடி போதும்.

அவர் ஆடிய சான் பிரான்சிஸ்கோ 49ர்ஸ் அணியில் பயிற்சியாளர் பில் வால்ஷ் அமைத்த முறையும் இதற்கேற்றதுதான். குவார்ட்டர்பேக் ஜோ மான்டானா பின்னால் எடுத்து வைக்கிற அடிகளும் ரிசீவரின் அடிகளும் கணக்கில் ஒத்துப்போக வேண்டும், ரிசீவர் திரும்பிப் பார்ப்பதற்கு முன்பே பந்து கிளம்பிவிடும். ஒரு அடி பிசகினால் பந்து எதிராளி கையில்.

சரி, ஆளைப் பற்றிக் கொஞ்சம். 1962-இல் மிசிசிப்பியில் பிறந்து, கிராஃபர்ட் என்ற சின்ன ஊரில் வளர்ந்தவர். அப்பா கொத்தனார். விடுமுறையில் சகோதரர்கள் கீழேயிருந்து செங்கல்லைத் தூக்கிப் போட, சாரத்தின் மேல் நின்று பிடிப்பது ஜெர்ரியின் வேலை. செங்கல்லைக் கையில் ஏந்திப் பழகியவர்களுக்குத் தெரியும், விறைப்பாகப் பிடித்தால் விரல் போய்விடும், கையைக் கொஞ்சம் பின்னுக்கு வாங்கித்தான் ஏந்த வேண்டும். வகுப்புக்கு மட்டம் போட்டுப் பள்ளி நிர்வாகியிடம் மாட்டி, அவர் கண் முன்னாலேயே ஓட்டம் பிடிக்க, ‘பையன் இந்த ஓட்டம் ஓடுகிறான்’ என்று அவரே கோச்சிடம் சொல்லிவிட்டதாக ரைஸ் சொல்லும் கதையும் உண்டு. பெரிய பல்கலைக்கழகங்கள் வந்து கூப்பிடவில்லை. கறுப்பின மாணவர்களுக்கான மிசிசிப்பி வேலி ஸ்டேட்டில் சேர்ந்தார். அங்கே குவார்ட்டர்பேக் வில்லி டாட்டன். இருவரும் சேர்ந்து 1984-இல் போட்ட போட்டில் ரைஸ் மட்டும் 27 டச்டவுன் (எதிரணியின் கடைசிக் கோட்டைத் தாண்டிப் பந்தைக் கொண்டுபோய்ப் புள்ளி எடுப்பது) பிடித்தார். அந்தக் கல்லூரி ஸ்டேடியத்துக்கு இன்றைக்கு இவர்கள் இருவரின் பெயர்தான்.

இங்கே ஒரு எச்சரிக்கை. ஒவ்வொரு ஆண்டும் டிராஃப்டுக்கு (அணிகள் முறைவைத்துப் புது ஆட்களை எடுக்கிற நிகழ்ச்சி) முன் இளம் ஆட்டக்காரர்களை 40 யார்டு ஓடவிட்டு நேரம் பார்ப்பார்கள், டிவியில் அதற்கு அப்படி ஒரு ஆர்ப்பாட்டம். அந்த எண்ணை நம்பி ரிசீவரை எடைபோடாதீர்கள். 2017-இல் ஜான் ராஸ் 4.22 விநாடியில் ஓடி அன்றைய சாதனையைச் செய்தார், சின்சினாட்டி அணி அவரை 9-ஆவது ஆளாக எடுத்தது, ஒரு சீசனில்கூட அவர் பந்தைப் பிடித்து முன்னேறிய தூரம் 1,000 யார்டை நெருங்கவில்லை. ரைஸின் நேரம் அப்படியொன்றும் பிரமாதமில்லை என்று அப்போதே பேச்சு இருந்தது. 1985 டிராஃப்டில் 15 பேர் போன பிறகு 16-ஆவதாகத்தான் போனார், அவருக்கு முன்பே இரண்டு ரிசீவர்களை எடுத்திருந்தார்கள். ஓட்டப் பந்தயத்தில் அவரை முந்த ஆள் இருந்திருக்கலாம், ஆனால் பந்தோடு ஓடும்போது பின்னாலிருந்து எட்டிப் பிடித்தவர்கள் குறைவு.

முதல் ஆண்டை வைத்தும் முடிவு கட்டாதீர்கள். ரைஸ் முதல் சீசனில் பந்தைக் கைநழுவ விட்டுக்கொண்டே இருந்தார், சொந்த அணி ரசிகர்களே கூச்சலிட்டார்கள். டிசம்பரில் ராம்ஸ் அணிக்கு எதிராக ஒரு திங்கட்கிழமை இரவு 10 பந்து பிடித்து 241 யார்டு எடுத்தார். அப்புறம் கூச்சல் இல்லை. இடையில் என்ன நடந்தது என்று கேட்டால் பதில் பயிற்சி மைதானத்தில்தான் இருக்கிறது. பயிற்சியில் 6 யார்டு பந்தைப் பிடித்தால்கூட, அதோடு நிற்காமல் மைதானத்தின் கடைசியில் இருக்கிற எண்ட் சோன் வரைக்கும் ஓடிவிட்டுத்தான் திரும்புவார். சீசன் இல்லாத மாதங்களில் இரண்டரை மைல் மலைப்பாதையில் ஏற்ற ஓட்டம் வேறு. கூட வந்து பார்த்த சக ஆட்டக்காரர்கள் பாதியில் வாந்தி எடுத்த கதைகள் பிரபலம்.

எண்களைப் படிக்கும்போது எத்தனை ஆட்டம் என்று கேளுங்கள். 1987-இல் ஆட்டக்காரர்கள் வேலைநிறுத்தம் செய்ததால் ரைஸ் ஆடியது 12 ஆட்டம்தான், அதில் 22 டச்டவுன். 2007-இல் ராண்டி மாஸ் 23 பிடித்து அதைத் தாண்டினார், 16 ஆட்டத்தில். சாதனைப் பட்டியலில் மாஸ்தான் மேலே. எனக்கு இன்னமும் அந்த 22 பெரிதாகத் தெரிகிறது. 2021 முதல் சீசனுக்கு 17 ஆட்டம், அதையும் கணக்கில் வையுங்கள்.

சம்பளச் செய்திகளையும் இதே சந்தேகத்தோடு படியுங்கள். முதல் சுற்றில் எடுக்கப்பட்டவருக்கு 4 ஆண்டு ஒப்பந்தம், ஐந்தாவது ஆண்டு அணியின் விருப்பம். நிஜமான பணம் இரண்டாவது ஒப்பந்தத்தில்தான். ஜஸ்டின் ஜெஃபர்சன் 2024-இல் மின்னசோட்டா அணியோடு போட்டது 4 ஆண்டுக்கு 140 மில்லியன் டாலர், அதில் உத்தரவாதம் 110. தலைப்பில் வருவது முதல் எண், கையில் நிச்சயமாக வருவது இரண்டாவது எண். கீழ்ச்சுற்று ஆட்களையும் தள்ளிவிடாதீர்கள். பூக்கா நகுவா 2023-இல் ஐந்தாவது சுற்றில் வந்து முதல் சீசனிலேயே 105 பந்து, 1,486 யார்டு.

வயதும் காயமும் இல்லாமல் இந்தத் தொழில் இல்லை. 1997 சீசனின் முதல் ஆட்டத்திலேயே ரைஸின் முழங்கால் தசைநார் கிழிந்தது. அவசரப்பட்டு அதே டிசம்பரில் திரும்பி வந்து, டச்டவுன் பிடித்துக் கீழே விழுந்ததில் முழங்கால் சில்லு உடைந்தது. என்னைக் கேட்டால் அது வீம்பு. ஆனால் அதே ஆள் 40 வயதில், 2002-இல், ஓக்லாந்து அணிக்காக 1,211 யார்டு எடுத்தார். மொத்தக் கணக்கு 1,549 பந்து, 22,895 யார்டு. இரண்டாம் இடத்தில் இருக்கும் லாரி ஃபிட்ஸ்ஜெரால்ட் 17,492. இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும்: 1981-இலேயே தடை செய்யப்பட்ட ஒட்டுப் பசையைக் கையுறையில் கொஞ்சம் அடித்துக்கொண்டதாக ரைஸே 2015-இல் ஒத்துக்கொண்டார். தப்பு தப்புதான். பசை பந்தைப் பிடிக்க உதவியிருக்கும், கார்னர்பேக்கை விட்டு விலகி ஓட உதவியிருக்காது.

இப்போது பயிற்சிக்கு ஒரு ஆட்டம். 1989 ஜனவரியில் மயாமியில் சின்சினாட்டியோடு நடந்த 23-ஆவது சூப்பர் பௌல், அதாவது அந்தச் சீசனின் இறுதிப் போட்டி. ரைஸ் 11 பந்து, 215 யார்டு, ஆட்ட நாயகன். கடைசிச் சில நிமிடங்களில் 49ர்ஸ் 3 புள்ளி பின்தங்கி, 92 யார்டு போக வேண்டிய இடத்திலிருந்து கிளம்புவார்கள். அந்தப் பயணம் முழுவதையும் இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை சாதாரணமாக, பந்தோடு. வெற்றி டச்டவுனைப் பிடிப்பவர் ஜான் டெய்லர், 34 விநாடி மிச்சம். இரண்டாம் தடவை பந்தை மறந்துவிட்டு, ரைஸின் சட்டையில் இருக்கிற 80 என்ற எண்ணை மட்டும் பாருங்கள், முக்கியமாக அந்தக் கடைசி எறிதலில், பந்து அவர் பக்கமே வராதபோது, எதிரணியில் எத்தனை பேருடைய கண் அவர் மேல் இருக்கிறது என்று.