கோஜிமாவைப் பார்க்கச் செல்லும் திருப்பூர்க்காரர்களுக்கு

ஜப்பானிய ஜீன்ஸின் பிறப்பிடம் என்று சொல்லப்படும் கோஜிமா, ஒகயாமா மாகாணத்தில் செதோ உள்கடலை ஒட்டிய ஊர். 1948 முதல் தனி நகரமாக இருந்து, 1967இல் குராஷிகி நகரத்தோடு இணைந்தது. திருப்பூர், ஈரோடு, கரூர்ப் பகுதிகளிலிருந்து வணிகத்துக்காக ஒசாகா செல்வோர் ஒரு நாளை ஒதுக்கினால் போதும்; ஷின்கான்சென் எனும் அதிவேக ரயிலில் ஒகயாமா வந்து, மரைன் லைனர் ரயிலுக்கு மாறினால் ஏறக்குறைய 25 நிமிடத்தில் கோஜிமா நிலையத்தில் இறங்கலாம்.

இறங்கியவுடன் எல்லோரும் ஜீன்ஸ் தெருவுக்கு விரைவார்கள். அதைப் பிற்பகலுக்கு வைத்துக்கொண்டு, முதலில் நோசாகி குடும்பத்தின் பழைய மாளிகைக்குச் செல்லுங்கள். 19ஆம் நூற்றாண்டில் உப்பளங்கள் அமைத்துப் பெருஞ்செல்வம் சேர்த்த நோசாகி புசாஎமோன் கட்டியது அது. துணி ஊரில் உப்பு எதற்கு என்று கேட்பவருக்கு இந்த ஊரின் வரலாறே விடையாகும். முன்பு தீவாக இருந்த கோஜிமா, வண்டல் படிந்தும் மனிதர்கள் கடலைத் தூர்த்தும் பெருநிலத்தோடு ஒட்டியது. அப்படிக் கிடைத்த உவர் மண் நெல்லுக்கு ஒத்துவராததால், உப்பைத் தாங்கி வளரும் பருத்தியை விதைத்தார்கள். மானாவாரிப் பருத்தி பார்த்த நம் பக்கத்து விவசாயிக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

அந்தப் பருத்தியில் நெய்த கெட்டியான பட்டைக் கயிறுகள் யுகா மலைக்கு வந்த யாத்திரிகர்களிடம் விற்றன. பிறகு தாபி எனும் துணிக் காலுறை, அதன்பின் பள்ளிச் சீருடை என்று பொருள்தான் மாறியது. தடித்த துணியைத் தைக்கும் கைப்பழக்கம் மாறவில்லை. செயற்கை இழைச் சீருடைகள் வந்து பருத்திச் சீருடை சரிந்தபோது, மருவோ என்ற நிறுவனம் அமெரிக்கத் துணியை வரவழைத்து 1965இல் ஜீன்ஸ் தைத்தது. பிக் ஜான் என்ற அதன் வணிகப் பெயர் பின்னர் வந்தது. பனியனிலிருந்து டி-சர்ட்டுக்கு மாறிய நம் ஊர்க் கம்பெனிகளின் கதையை அறிந்தவர்கள் இந்த இடத்தில் சற்று நின்று யோசிப்பார்கள்.

பெட்டி ஸ்மித் நிறுவனத்தின் ஜீன்ஸ் அருங்காட்சியகத்தில் பொத்தானையும், பையின் மூலைகளில் அடிக்கும் உலோகக் குமிழான ரிவெட்டையும் நீங்களே தேர்ந்து பொருத்திக்கொள்ளலாம். குழந்தைகளோடு செல்பவர்களுக்கு அது ஏற்றது; தொழில் தெரிந்தவர்கள் அங்கு அதிக நேரம் செலவிட வேண்டியதில்லை.

ஜீன்ஸ் தெருவில் தலைக்கு மேல் கொடிகளில் வரிசையாகத் தொங்கும் ஜீன்ஸ்கள் படம் எடுப்பதற்கே. கடைக்குள் சென்று ஒரு காலின் அடிப்பகுதியை வெளிப்புறமாக மடித்துப் பாருங்கள். பக்கத் தையலில், வெட்டிய ஓரம் பிரியாமல் போடும் ஓவர்லாக் தையல் இல்லாமல், பெரும்பாலும் சிவப்பு நூல் ஓடும் நெய்த கரையே தெரிந்தால், அது ஊடை நூலைச் சுமந்து நாடா ஓடும் பழைய தறியில் குறுகிய அகலத்தில் நெய்த துணி. வேகம் குறைவென்று நாம் பழைய இரும்பு விலைக்குப் போட்டுவிடும் தறி வகை அங்கே துணியின் விலையை உயர்த்துகிறது. அடி மடிப்பில் சங்கிலித் தையல் இருக்கிறதா என்பதையும் கவனியுங்கள். துவைக்கத் துவைக்க அந்த மடிப்பு கயிறு முறுக்கியதுபோல் சாய்வாக வெளுக்கும்.

வாங்குவதானால், முன்சுருக்கம் செய்த துணியா என்று கேட்டுவிட்டு அளவைத் தேர்ந்தெடுங்கள். செய்யாத துணி முதல் துவைப்பிலேயே நன்றாகச் சுருங்கும். இடுப்புக்கு இன்று சரியாக இருப்பது ஊருக்கு வந்து துவைத்த பிறகு ஏறாது.