குழந்தைப் பெயரின் பொருளைச் சரிபார்க்கும்போது எங்கே கோட்டை விடுகிறோம்

ஆரவ் என்ற பெயருக்கு 'அமைதியானவன்' என்று பொருள் போட்டிருக்கும் பட்டியல்கள் ஏராளம். சமஸ்கிருத அகராதியைத் திறந்தால் 'ஆரவ' என்பதற்கு ஒலி, கூச்சல், முழக்கம் என்று இருக்கிறது. 'ரவ' என்றால் சத்தம். அதற்கு முன் குறில் 'அ' வந்தால் சத்தமில்லாதது. நெடில் 'ஆ' வந்தால் சத்தமேதான். இந்த ஒரு மாத்திரை வித்தியாசம் ஆங்கில எழுத்தில் எளிதாகத் தொலைந்துபோகும். பெயர் என்னவோ அழகாகத்தான் இருக்கிறது, தாராளமாக வைக்கலாம். பொருளை நம்பி வைப்பவர்கள் மட்டும் ஒருமுறை யோசித்துக்கொள்ளுங்கள்.

பத்துத் தளங்கள் ஒரே பொருளைச் சொல்கின்றனவே என்று பலர் நிம்மதியாகிவிடுகிறார்கள். ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதியதைப் பத்து சாட்சிகளாக எண்ணக்கூடாது. எழுத்துப்பிழைகூட மாறாமல் இருந்தால் சந்தேகமே வேண்டாம். ஏஐ சாட்பாட்டிடம் கேட்டாலும் இதே கதைதான். அதுவும் இந்தப் பட்டியல்களைப் படித்திருக்கும். கேட்பதானால் பொருளைக் கேட்காமல் வேர்ச்சொல்லைக் கேளுங்கள், அப்புறம் அந்தச் சொல்லை அகராதியில் நீங்களே பாருங்கள்.

பெரும்பாலான குளறுபடிக்குக் காரணம் எழுத்துதான் என்பது என் எண்ணம். க, ச, ட, த, ப ஆகிய ஒவ்வொன்றும் தமிழில் பல ஒலிகளைத் தாங்குகிறது. பவன் என்று எழுதினால் அது காற்றைக் குறிக்கும் சொல்லாகவும் இருக்கலாம், வீட்டைக் குறிக்கும் சொல்லாகவும் இருக்கலாம். தேவநாகரியில் முதல் எழுத்தே வேறு. தாரா என்பதில் வல்லோசை 'த' என்றால் நட்சத்திரம், மூச்சோடு வரும் மெல்லிய 'த' என்றால் நீரோட்டம், தாரை. இதே ஒலியில் அயர்லாந்தில் தாரா என்றொரு குன்று உண்டு. ஆங்கிலம் பேசும் நாடுகளில் பல தாராக்களுக்குப் பெயர் வந்தது அங்கிருந்துதான்.

அமல் இன்னும் சுவாரசியம். அரபியில் அலிஃப் எழுத்தில் தொடங்கினால் நம்பிக்கை, அய்ன் எழுத்தில் தொடங்கினால் செயல். 'சட்டம் அமலுக்கு வந்தது' என்கிறோமே, அது இந்த இரண்டாவது அமல். சமஸ்கிருத 'அமல' வேறு இருக்கிறது, அதற்கு மாசற்றது என்று பொருள். ஆகவே, மூல மொழியின் எழுத்தில் பெயர் எப்படி எழுதப்படுகிறது என்று தெரியாமல் பொருள் தேடுவது வீண்வேலை.

ஒலி நெருங்கி, பொருள் எதிரெதிராக நிற்கும் பெயர்களும் உண்டு. இத்தாலிய மொழியில் கியாரா என்றால் ஒளி மிக்கவள், தெளிவானவள். ஆங்கில எழுத்தில் அதையொட்டி இருக்கும் ஐரிஷ் பெயரான கீரா, கருமை என்ற பொருளுடைய 'கியர்' என்ற சொல்லிலிருந்து வந்தது. சில பட்டியல்கள் இரண்டையும் ஒரே வரியில் போட்டுவிட்டு நகர்ந்துவிடுகின்றன.

'பூர்வீகம்: தமிழ்' என்று ஒற்றைச் சொல்லில் முடித்திருந்தால் அதையும் அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம். அகிலன் என்பது 'அன்' விகுதியால் தமிழாகத் தெரிகிறது. அடிச்சொல் 'முழுமை' எனப் பொருள்படும் சமஸ்கிருத 'அகில'. இதற்கு மறுபக்கமும் உண்டு. மீனா, மீனாட்சி போன்றவற்றுக்குச் சமஸ்கிருதம் என்று போட்டிருப்பார்கள், ஆனால் அதிலுள்ள 'மீன' என்ற சொல்லே திராவிட மொழிகளிலிருந்து அங்கே போனது என்பது மொழியியலாளர் பலரின் கருத்து.

தெய்வப் பெயர்களில் வேறொரு சோம்பேறித்தனம் நடக்கிறது. அபர்ணா என்றால் 'பார்வதி' என்று எழுதிவிடுகிறார்கள். அது யாரைக் குறிக்கிறது என்பதற்குத்தான் விடை. சொல்லின் பொருள் 'இலையற்றவள்'. தவத்தின்போது இலையைக்கூட உண்ணாமல் இருந்ததால் அந்தப் பெயர் என்கிறது குமாரசம்பவம்.

சரி, எங்கே பார்ப்பது? தமிழுக்குச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் பேரகராதி இருக்கிறது. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது, பிறகு ஒரு பின்னிணைப்பும் சேர்ந்தது. சமஸ்கிருதத்துக்கு மோனியர் வில்லியம்ஸின் அகராதி, 1899 பதிப்பு. திராவிட வேர்களுக்கு பரோவும் எமனோவும் தொகுத்த சொற்பிறப்பியல் அகராதி. மூன்றையும் இணையத்தில் இலவசமாகத் தேடலாம். பெயர் முழுதாகக் கிடைக்காவிட்டால் பிரித்துத் தேடுங்கள்: யாழினிக்கு யாழ், கயல்விழிக்குக் கயல்.

அகராதியைப் பார்த்து மிரண்டுபோவதும் ஒரு தவறுதான். ஹரி என்ற சொல்லுக்குக் கீழே திருமால், சிங்கம், குதிரை எல்லாம் வரும். குரங்கும் தவளையும்கூட வரும். அதற்காக ஹரி என்று பெயர் வைத்தவர்கள் பதற வேண்டியதில்லை. பெயராக வழங்கும்போது மக்கள் மனதில் எந்தப் பொருள் நிற்கிறது என்பதை அந்த மொழி பேசுகிறவர்தான் சொல்ல முடியும்.

சில பெயர்களுக்கு அகராதிப் பொருளே கிடையாது. வனெஸ்ஸா என்பது எழுத்தாளர் ஜோனதன் ஸ்விஃப்ட் தன் தோழி எஸ்தர் வான்ஹோம்ரியின் பெயரைக் கலைத்துச் சேர்த்து உருவாக்கியது; அந்தப் பெயர் வரும் கவிதை 1726-இல் அச்சானது. 1807-இல் பூச்சியியலாளர் ஃபாப்ரிசியஸ் ஒரு பட்டாம்பூச்சிப் பேரினத்துக்கு இதே பெயரைச் சூட்டினார். 'வனெஸ்ஸா என்றால் கிரேக்கத்தில் பட்டாம்பூச்சி' என்று எழுதுகிறவர்கள் கதையைத் தலைகீழாகச் சொல்கிறார்கள். இப்படிப்பட்ட பெயர் என்றால், முதலில் யார், எப்போது பயன்படுத்தினார்கள் என்று தேடுங்கள். அது கிடைத்தால் போதும்.