டாவோ ரூம்ல பல்லியோட குடித்தனம் பண்றது எப்படி

டாக்டருக்குப் படிக்க பிலிப்பைன்ஸ் நாட்டு டாவோ நகரத்துக்கு வந்து இறங்குற நம்ம ஊர் பசங்க முதல் வாரத்துலயே கேக்குற கேள்வி, "அண்ணா ரூம் பூரா பல்லியா இருக்கு, என்ன பண்றது". நானும் அங்க போர்டிங் ஹவுஸ்ல நாலு வருஷம் இருந்தவன்தான், அதனால எனக்குத் தெரிஞ்சதை எழுதுறேன். மொதல்லயே சொல்லிடுறேன், முழுசா விரட்ட முடியாது, கொறைக்கலாம்.

முதல் வேலை, செவுத்துல இருக்கிறது யாருன்னு பாருங்க. சாம்பல் கலர்ல விரல் நீளத்துக்கு இருந்து சிக் சிக் சிக்னு சத்தம் போட்டா அது நம்ம வீட்டுப் பல்லிதான், அங்க பேசுற தகலாக் பாஷைல புத்திக்கி, டாவோ பக்கம் பிசாயா பாஷை பேசுறவங்க டிக்கின்னும் சொல்வாங்க. ஒரு அடி நீளத்துக்கு, நீலம் கலந்த சாம்பல் உடம்புல ஆரஞ்சுப் புள்ளி வச்சு, ராத்திரி தன் பேரையே தானே கத்துற மாதிரி "துக்-கோ துக்-கோ"ன்னு கத்தினா அது துக்கோ. அதுகிட்ட கையக் கொண்டுபோகாதீங்க, கடிச்சா லேசுல விடாது. பதவிய விட்டு எறங்காத அரசியல்வாதிய அங்க "காப்பித் துக்கோ"ன்னு திட்டுவாங்க, துக்கோ மாதிரி ஒட்டிக்கிட்டவன்னு அர்த்தம், அதுலயே புரிஞ்சுக்கோங்க.

துக்கோ விஷயத்துல இன்னொண்ணு. யாராவது வந்து பெரிய துக்கோவா புடிச்சுக் குடு நல்ல காசுன்னு ஆசை காட்டினா பக்கத்துலயே போகாதீங்க. எய்ட்ஸ், ஆஸ்துமாவுக்கு அது மருந்துன்னு ஒரு புரளி கெளம்பி வெல எங்கயோ போச்சு, 2011ல அந்த நாட்டு சுகாதாரத் துறையே அதுக்கு ஆதாரம் இல்லன்னு சொல்லி எச்சரிக்கை விட்டாங்க. 2001ல வந்த வனவிலங்குச் சட்டம் இருக்கு, அனுமதி இல்லாம புடிக்கிறது விக்கிறது எல்லாமே குத்தம். ஸ்டூடண்ட் விசால இருக்கிறவனுக்கு இது தேவையா?

சரி, சின்னப் பல்லிக்கு வருவோம். அது உங்களத் தேடி வரல, உங்க டியூப் லைட்டத் தேடி வர்ற பூச்சியத் தேடி வருது. அதனால ராத்திரி ஜன்னல் பக்கம் இருக்கிற வெள்ள லைட்ட அணைச்சுட்டு, படிக்கிற டேபிள்ல மட்டும் மஞ்சள் வெளிச்ச பல்பு போட்டீங்கன்னா பூச்சி கொறையும், பூச்சி கொறஞ்சா பல்லியும் பக்கத்து ரூமுக்குப் போயிடும் (பக்கத்து ரூம்காரன் நம்ம ஃப்ரெண்டா இருந்தா என்ன பண்றதுன்னு கேக்காதீங்க). அங்க பழைய வீட்ல எல்லாம் ஜலூசின்னு கண்ணாடிப் பட்டை அடுக்கின ஜன்னல்தான், சாத்தினாலும் இடுக்கு இருக்கும், உள்பக்கமா வலை அடிச்சுக் குடுங்கன்னு ஓனர் அம்மாகிட்ட கேளுங்க.

ரைஸ் குக்கர், பிளேட் எல்லாம் மூடி வைங்க. பல்லி விழுந்த சோறு விஷம்னு நம்ம வீட்ல சொல்றது உண்மையில்ல, இதுக்கு விஷமே கெடையாது, ஆனா அது போடுற எச்சத்துல சால்மொனெல்லா கிருமி இருக்கலாம், வயித்தால போறதுக்கு அது போதும். கருப்பா, நுனியில வெள்ளையா இருக்கும் பாருங்க, அதுதான் எச்சம். வெறும் கையால தட்டி விடாம ஈர டிஷ்யூவால எடுத்துட்டு, சோன்ராக்ஸ் மாதிரி பிளீச்ச தண்ணியில கலந்து தொடைங்க. பிளீச்சோட வினிகர் கினிகர்னு எதையும் சேத்துடாதீங்க, கெட்ட வாயு வரும்.

உள்ள வந்துட்டத வெளிய அனுப்பணும்னா பாத்ரூம்ல இருக்கிற தாபோ போதும், அதாங்க மொண்டு ஊத்துற கப்பு. மெதுவாக் கவுத்து, அடியில ஒரு அட்டையச் சொருகி, அப்படியே வெளிய விடுங்க. துடைப்பத்த எடுத்து அடிச்சீங்கன்னா வால் மட்டும் துண்டாத் துடிக்கும், அது எங்கயோ பீரோ பின்னாடி போயிடும். பசை அட்டை வைக்காதீங்க, ரெண்டு நாள் துடிச்சு சாகும், பாக்க முடியாது. முட்டை ஓடு தொங்கவிட்டுப் பாத்தேன், என் பல்லி அதுமேலயே ஏறி உக்காந்துச்சு. ரசகற்பூர உருண்டைய (நாப்தலீன், அதாவது அந்துருண்டை) மூலை மூலைக்குப் போடுறதும் வேணாம், ஜி6பிடி குறைபாடு (ரத்தச் சிவப்பணுவப் பாதுகாக்குற ஒரு நொதி பிறவியிலேயே கம்மியா இருக்கிறது) இருக்கிறவங்களுக்கு ரத்த அணு உடையும், வீட்ல கைக்கொழந்த இருந்தா சுத்தமா வேணாம்.

இப்ப முக்கியமான கட்டம், ஓனர் வீட்டு லோலா. லோலான்னா பாட்டி. அவங்க முன்னாடி பல்லிய அடிச்சுடாதீங்க. சாயங்காலம் ஆறு மணிக்கு சர்ச் மணி அடிக்கிற ஜெப நேரத்துல பல்லி செவுத்துலருந்து எறங்கி வந்து தரைய முத்தம் குடுக்கும்னு பெரியவங்க சொல்வாங்க. அதுக்கு ஒரு கதையும் உண்டு: ஒரு பொண்ணு மேல பைத்தியமான பையன்கிட்ட அவ உங்கம்மா இதயத்தக் கொண்டான்னு கேட்டா, இவனும் அம்மாவக் கொன்னுட்டான், அந்தப் பாவத்துக்குப் பல்லியாயிட்டான், அதனாலதான் ஜெப நேரத்துல இன்னமும் எறங்கி வர்றான்னு. இருட்டுற நேரம் பூச்சி புடிக்க வெளிய வர்ற பிராணிங்கிறது நமக்குத் தெரியும், ஆனா லோலாகிட்ட போய் பாடம் எடுக்காதீங்க. பல்லி கத்தினா விருந்தாளி வருவாங்கன்னும் சொல்வாங்க, நம்ம வீட்ல சத்தம் கேட்டதும் தரையத் தட்டுறோம்ல, அது மாதிரிதான். காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயில்ல தங்கப் பல்லி, வெள்ளிப் பல்லியத் தொட்டுக் கும்பிடுவோம்னு சொல்லி நான் போட்டோ காட்டினேன், அன்னைலருந்து லோலா எனக்குத் தனியா மீன் எடுத்து வைக்க ஆரம்பிச்சாங்க.

அவங்க பேரப் பசங்ககிட்ட ஒட்டணும்னா "போத்திக்கா, பித்தூக்கா, புத்திக்கி"ன்னு வேகமாச் சொல்லிப் பழகுங்க. மருந்துக்கடை, குடல், பல்லி, அவ்ளோதான் அர்த்தம், நம்ம ஊரு நாக்குப் பொரட்டுற வெளையாட்டு மாதிரி. மூணாவது தடவையே மாத்திச் சொல்லிடுவீங்க, அப்புறம் ஒரு நாள் நெஜமாவே மருந்துக்கடைக்கு வழி கேக்குறப்ப வாயில பல்லிதான் வரும்.