துருக்கி – குர்து விவகாரத்தை எங்கேர்ந்து படிக்க ஆரம்பிக்கிறது? பேர்லேர்ந்து ஆரம்பிங்க

ஜெர்மனிக்கு வேலைக்கு வந்த புதுசுல ஆபீஸுக்குக் கீழ ஒரு டோனர் கடை, அதாவது கறியைச் சீவி ரொட்டியில வச்சுத் தர்ற துருக்கிச் சாப்பாட்டுக் கடை, மதியம் அங்கதான் சாப்பாடு. ஒருநாள் கடைக்காரர்கிட்ட சும்மா பேச்சுக் குடுக்கலாம்னு "நீங்க டர்கிஷா?"ன்னு கேட்டேன். கறி சீவுற கத்தியை நிறுத்தாமலே "துருக்கியிலேர்ந்து வந்தவன்"னார். ரெண்டும் ஒண்ணுதானேன்னு நினைச்சு பூண்டு சாஸ் கொஞ்சம் கூட ஊத்தச் சொல்லி வாங்கிட்டு வந்துட்டேன். மனுஷன் என் கேள்வியைத் திருத்திவிட்டிருக்கார்னு புரிய எனக்கு ரெண்டு மூணு மாசம் ஆச்சு.

அதனால இந்தத் துருக்கி – குர்து விவகாரத்தை, அதாவது துருக்கிக்குள்ள தனி மொழியோட வாழுற குர்து மக்களுக்கும் அந்த அரசாங்கத்துக்கும் நடுவுல இருக்கிற சிக்கலை, படிக்கணும்னு யாராவது கேட்டா நான் சொல்றது இதுதான்: சண்டை, போர், கட்சின்னு ஆரம்பிக்காதீங்க, யார் எதை என்ன பேர் சொல்லிக் கூப்பிடுறாங்கன்னு பாருங்க. துருக்கி பாஷையில "துர்க்"னா இனப்பேரு, "துர்க்கியெலி"ன்னா துருக்கி நாட்டுக்காரர். ஆனா இப்ப இருக்கிற 1982 அரசியல் சட்டத்தோட 66வது பிரிவு, குடியுரிமை இருக்கிற எல்லாருமே "துர்க்"தான்னு சொல்லுது. பல துருக்கியர்களுக்கு இதுல என்ன தப்புன்னே தோணாது, எல்லாரையும் சமமா சேத்துக்கிட்டோம்னு உண்மையாவே நம்புறாங்க. ஒரு குர்து ஆளுக்கு அதே வரி, நீ இல்லவே இல்லன்னு சொல்ற மாதிரி கேக்கும். ஒரே வாக்கியம்தான், ரெண்டு காதுல ரெண்டு விதமா விழுது. இதைப் பிடிச்சுக்கிட்டீங்கன்னா பாதி வேலை முடிஞ்சுது.

வரலாறு வேணுமே, வேணும்தான். ஆனா 1514 சால்திரான் போர்ல குர்து தலைவருங்க ஒட்டோமான் சுல்தான் பக்கம் நின்னதுலேர்ந்து தொடங்கினா பாதியில தூக்கம் வந்துரும், அதை அப்புறமா படிச்சுக்கலாம். முதல் தடவைக்கு 1920லேர்ந்து 1925 வரைக்கும் போதும். முதல் உலகப்போர்ல தோத்த ஒட்டோமான் அரசோட ஜெயிச்ச நாடுகள் போட்ட 1920 செவ்ர் ஒப்பந்தத்துல குர்துகளுக்கு சுயாட்சி, முடிஞ்சா தனி நாடுகூடன்னு எழுதி வச்சாங்க, அது அமலுக்கே வரலை. பின்னாடி துருக்கிக் குடியரசை உருவாக்கின முஸ்தபா கமால் அந்நியப் படைகளுக்கு எதிரா நடத்தின போர்ல குர்து தலைவருங்க நிறைய பேர் அவர் கூடத்தான் நின்னாங்க, ஏன்னா அப்ப பேச்சு "முஸ்லிம் சகோதரர்கள்"னு இருந்துது. செவ்ருக்குப் பதிலா புது ஒப்பந்தம் போட நடந்த லோசான் பேச்சுவார்த்தையில துருக்கித் தரப்புத் தலைவர் இஸ்மெத் பாஷாவே அங்காரா அரசாங்கம் துருக்கியருக்கு எவ்வளவு சொந்தமோ குர்துகளுக்கும் அவ்வளவு சொந்தம்னு வாதாடினார். 1923 ஜூலை 24ல அந்த ஒப்பந்தம் கையெழுத்தாச்சு. அதுல சிறுபான்மைன்னா முஸ்லிம் அல்லாதவங்க மட்டும்தான், குர்துன்னு ஒரு வார்த்தை இல்ல. அடுத்த வருஷம் மார்ச்ல முஸ்லிம்களோட தலைமைப் பதவியான கிலாஃபத்தையே ஒழிச்சாச்சு, அதாவது துருக்கியரையும் குர்துகளையும் கட்டியிருந்த கயிறு போச்சு. 1925ல ஷேக் சயீத்ங்கிற குர்து மதத் தலைவரோட கிளர்ச்சி, ஜூன் கடைசியில தென்கிழக்குல குர்துகள் அதிகமா இருக்கிற தியார்பக்கிர் நகரத்துல அவரைத் தூக்குல போட்டாங்க. அது மதக் கிளர்ச்சியா குர்து தேசியக் கிளர்ச்சியான்னு இன்னமும் அடிச்சுக்கிறாங்க. எனக்கென்னவோ அந்தக் காலத்துல ரெண்டையும் பிரிச்சே பாத்திருக்க மாட்டாங்கன்னுதான் தோணுது.

இப்ப மேப்பை எடுங்க. ஊர்ப் பேரை ரெண்டு ரெண்டாத் தேடுங்க. தெர்சிம்ங்கிற பகுதிக்கு 1935ல சட்டம் போட்டு துன்ஜெலின்னு பேர் வச்சாங்க, "துன்ச்"னா வெண்கலம். பேர் மாத்தின ரெண்டு மூணு வருஷத்துல, 1937–38ல, ராணுவம் உள்ள போச்சு. 2011ல, அப்ப பிரதமரா இருந்த எர்டோகன் ஒரு பழைய அரசு ஆவணத்தைக் காட்டி அதுல 13,806 பேர் கொல்லப்பட்டாங்கன்னு சொல்லி மன்னிப்புக் கேட்டார். தியார்பெகிர்ங்கிற பழைய பேரு 1937ல தியார்பக்கிர் ஆச்சு, "பக்கிர்"னா செம்பு, குர்துகளுக்கு அது ஆமெத். ஒரு கட்டுரையில துன்ஜெலின்னு இருக்கா தெர்சிம்னு இருக்கா, தியார்பக்கிரா ஆமெத்தான்னு பாத்தாலே எழுதினவர் எந்தப் பக்கம் உக்காந்து எழுதுறார்னு முக்கால்வாசி தெரிஞ்சுரும். மிருகங்களைக்கூட விடலைங்க, 2005ல சுற்றுச்சூழல் அமைச்சகம் சிவப்பு நரியோட அறிவியல் பேர்லேர்ந்து "குர்திஸ்தானிகா"ங்கிற கடைசி வார்த்தையை வெட்டி எறிஞ்சுது. நரி பாட்டுக்கு காட்டுல இருந்துருக்கும்.

"குர்திஸ்தான்"ங்கிற வார்த்தை தனி ரகம். 1847ல ஒட்டோமான் அரசாங்கமே ஒரு மாகாணத்துக்கு வச்ச பேருதான் அது. 2017 டிசம்பர்ல எம்.பி. ஒஸ்மான் பய்தெமிர் நாடாளுமன்றத்துல அந்த வார்த்தையைச் சொல்ல, எங்க இருக்கு குர்திஸ்தான்னு துணை சபாநாயகர் கேக்க, அவர் நெஞ்சுல கை வச்சு இங்க இருக்குன்னார். சஸ்பெண்டும் அபராதமும் கிடைச்சுது.

அடுத்தது எழுத்து. எனக்கு இந்த விவகாரத்துல ரொம்பப் பிடிச்ச பகுதி இதுதான், பிடிச்சன்னு சொல்லக்கூடாது, மனசுல நின்ன பகுதி. 1928ல துருக்கி லத்தீன் எழுத்துக்கு மாறுச்சு, மொத்தம் 29 எழுத்து, அதுல க்யூ, டபிள்யூ, எக்ஸ் மூணும் கிடையாது. நாலு வருஷம் கழிச்சு 1932ல டமாஸ்கஸ்ல உக்காந்து ஜெலாதெத் பெதிர்கான்ங்கிற குர்து எழுத்தாளர் "ஹாவார்"னு ஒரு பத்திரிகை தொடங்கி, குர்மாஞ்சிங்கிற குர்து மொழி வகைக்கு லத்தீன் எழுத்து அமைச்சுக் குடுத்தார், அதுல இந்த மூணும் உண்டு. முதல் இதழ் வந்த மே 15தான் இப்ப குர்து மொழி நாள். விளைவு என்னன்னா, குழந்தைக்கு இந்த எழுத்து இருக்கிற பேர் வச்சா பதிவு பண்ண மாட்டாங்க, வாழ்த்து அட்டையில டபிள்யூ போட்ட மேயர் மேல விசாரணை. அதே நாட்டுல "ஷோ டிவி" லோகோவுல டபிள்யூ பளபளன்னு ஓடிக்கிட்டு இருந்துது, இன்டர்நெட் அட்ரஸ்ல மூணு டபிள்யூ, அதெல்லாம் யாரும் கேக்கலை. 2013 செப்டம்பர்ல அறிவிச்ச சீர்திருத்தப் பேக்கேஜ்லதான் இந்த மூணு எழுத்துக்கும் விடுதலை வந்துது.

இதுலேர்ந்து உங்களுக்கு ஒரு சுலபமான டெஸ்ட் கிடைக்குது. மார்ச் 21 வசந்தப் பண்டிகை வருதுல்ல, அப்ப போஸ்டரைப் பாருங்க. டபிள்யூ போட்டு "நெவ்ரோஸ்"னு இருந்தா குர்து பக்கம், வி போட்டு "நெவ்ருஸ்"னு இருந்தா அரசாங்கம். 1992ல இதே பண்டிகையில ஜிஸ்ரெ மாதிரி ஊர்கள்ல துப்பாக்கிச்சூடு நடந்து நிறைய பேர் செத்தாங்க, அப்புறம் சில வருஷத்துல அரசாங்கமே இது மத்திய ஆசியாவுலேர்ந்து வந்த துருக்கியர் பண்டிகைன்னு சொல்லிக் கொண்டாட ஆரம்பிச்சுது. தடை பண்ண முடியாததைப் பேர் மாத்தி எடுத்துக்கிறது பழைய டெக்னிக்.

மொழி விஷயத்துல தேதிகளைக் கொஞ்சம் கவனமா வச்சுக்கோங்க, ஏன்னா ஆன்லைன்ல ரெண்டு தரப்பும் இதுல அளந்துவிடும், ஒருத்தர் இன்னிக்கும் குர்திஷ் பேசினா ஜெயில்னு சொல்வாங்க, இன்னொருத்தர் எப்பவுமே தடை இருந்ததில்லைன்னு சொல்வாங்க. 1983ல வந்த 2932ம் நம்பர் சட்டம் குர்திஷைப் பேர் சொல்லாமலே தடை பண்ணுச்சு, 1991ல அதை எடுத்தாங்க. 2009 ஜனவரி 1ல அரசு டிவியே குர்து சேனல் தொடங்குச்சு, 2012ல பள்ளியில விருப்பப் பாடம் ஆச்சு. ஆனா தாய்மொழியா துருக்கியைத் தவிர வேற எதையும் கல்வி நிலையங்கள்ல கற்பிக்கக்கூடாதுங்கிற 42வது பிரிவு அப்படியேதான் இருக்கு. சேனல் வந்து ரெண்டு வருஷம் ஆகியும் தியார்பக்கிர் கோர்ட்ல குர்திஷ்ல வாக்குமூலம் குடுத்தா பதிவேட்டுல "தெரியாத மொழி"ன்னு எழுதினாங்க, அதே அரசாங்கம் செய்தி வாசிக்கிற மொழியை!

லெய்லா ஸானா கதையை மட்டும் முழுசாத் தேடிப் படிங்க. 1991ல எம்.பி. ஆகி, உறுதிமொழியைத் துருக்கி மொழியில படிச்சு முடிச்சு, கடைசியில ரெண்டு மக்களோட சகோதரத்துவத்துக்காகன்னு குர்திஷ்ல ஒரு வரி சேத்தாங்க. சபையே கொந்தளிச்சுது. 1994ல கைது, 15 வருஷ தண்டனை, 2004ல வெளிய வந்தாங்க. 2015ல திரும்ப ஜெயிச்சு உறுதிமொழி எடுக்கும்போது "துர்க் தேசம்"ங்கிற இடத்துல "துர்க்கியே தேசம்"னு படிச்சாங்க, செல்லாதுன்னுட்டாங்க, கடைசியில 2018ல பதவியே போச்சு. எங்க டோனர் கடைக்காரர் எனக்குச் சொன்ன அதே திருத்தம்தான், அங்க அதுக்கு விலை ஒரு எம்.பி. பதவி.

செய்தி படிக்கும்போது பிரச்சினைக்கே என்ன பேர் வச்சிருக்காங்கன்னும் பாருங்க. 60கள்ல "கிழக்குப் பிரச்சினை"ன்னாங்க, அப்புறம் "பயங்கரவாதப் பிரச்சினை". 2005ல எர்டோகன் தியார்பக்கிர்ல நின்னு குர்து பிரச்சினை என் பிரச்சினைன்னார், 2015ல அவரே என்னய்யா குர்து பிரச்சினைன்னு கேட்டார். பி.கே.கே.ங்கிற குர்து இயக்கம் (குர்திஸ்தான் தொழிலாளர் கட்சி) 1978ல ஆரம்பிச்சு 1984 ஆகஸ்ட்லேர்ந்து அரசாங்கத்துக்கு எதிரா ஆயுதம் எடுத்துது. 40,000க்கு மேல செத்தாங்கன்னு கணக்கு, 90கள்ல ராணுவம் காலி பண்ண வச்ச கிராமங்கள் ஆயிரக்கணக்குல. பி.கே.கே. கொன்னவங்கள்ல வாத்தியாருங்களும் இருக்காங்க, குர்து கிராமத்து ஆளுங்களே இருக்காங்க, இதை விட்டுட்டுப் படிச்சா படம் கோணலாத்தான் தெரியும். 1999லேர்ந்து இம்ராலி தீவுச் சிறையில இருக்கிற பி.கே.கே. தலைவர் ஒச்சலான் 2025 பிப்ரவரி 27ல இயக்கத்தைக் கலைங்கன்னு சொன்னார், மே மாசம் கலைக்கிறோம்னு அறிவிச்சாங்க, ஜூலை 11ல இராக்கோட சுலைமானியா பக்கம் ஒரு குழு துப்பாக்கிகளை நெருப்புல போட்டுது. இதுக்கு அரசாங்கம் வச்ச பேரு "பயங்கரவாதமற்ற துருக்கி", ஒச்சலான் அழைப்போட தலைப்பு "அமைதியும் ஜனநாயகச் சமூகமும்". ரெண்டு பேரும் ஒரே மேசையைப் பத்தித்தான் பேசுறாங்க.

எல்லாரும் பண்ற தப்பு ஒண்ணு இருக்கு, குர்துன்னாலே ஒரே கட்சி ஒரே கருத்துன்னு நினைக்கிறது. நிதியமைச்சர் மெஹ்மெத் ஷிம்ஷெக் குர்து குடும்பத்துல பிறந்தவர்தான். எர்டோகன் கட்சிக்கு ஓட்டுப் போடுற பக்திமான் குர்துகள் ஏராளம். பி.கே.கே.வுக்கு எதிரா அரசாங்கத் துப்பாக்கி பிடிச்ச "கொருஜு"ங்கிற கிராமக் காவலர்களும் குர்துகள்தான். அலெவிங்கிற மதப் பிரிவுக்காரங்க தனி, ஸாஸாகிங்கிற மொழி பேசுறவங்க தனி, அவங்கள்ல சிலர் நாங்க குர்தே இல்லைம்பாங்க. அந்தப் பக்கம் பாத்தா இஸ்மாயில் பெஷிக்சின்னு ஒரு துருக்கிய சமூகவியலாளர் குர்துகளைப் பத்தி எழுதினதுக்காகவே வருஷக்கணக்கா ஜெயில்ல இருந்தவர். கல்யாண உறவு, ஒரே அபார்ட்மென்ட், ஒரே கால்பந்து டீம்னு கலந்து வாழுற கோடிக்கணக்கான பேரு செய்தியில வரவே மாட்டாங்க.

நேர்ல பேசுறப்ப என்ன பண்றது? நீ குர்தா துருக்கியான்னு மூஞ்சிக்கு நேரா கேக்காதீங்க, அதுவும் நாலு பேர் முன்னாடி வேண்டவே வேண்டாம். அவங்களே ஒருத்தரை ஒருத்தர் கேட்டுக்கிற கேள்வி "மெம்லெகெத் நெரெ?", சொந்த ஊர் எதுன்னு அர்த்தம். ஊரைச் சொல்லிட்டு எவ்வளவு தூரம் பேசணும்னு அவங்களே முடிவு பண்ணிப்பாங்க. நன்றி சொல்ல குர்மாஞ்சியில "ஸ்பாஸ்", ஆனா எதிர்ல இருக்கிறவர் யாருன்னு தெரியாம அதை எடுத்துவிட்டுப் பிரமாதப்படுத்தாதீங்க, நான் ஒருதடவை இஸ்தான்புல்காரர் ஒருத்தர்கிட்ட சொல்லி அசடு வழிஞ்சிருக்கேன்.

டோனர் கடைக்காரர்கிட்ட ஒருநாள் கூட்டம் இல்லாத நேரமாப் பாத்து சரியான கேள்வியைக் கேட்டேன். "பிங்கோல்"னார். ரொட்டியை மடிச்சு, பேப்பர்ல சுத்தி, என் கையில குடுத்துட்டு, "வீட்ல நாங்க செவ்லிக்னு சொல்வோம்"னார்.